பங்குக் கறி வராத வருடம்

மதுரைக்காரர்களுக்குத் தைரியத்தைப் பற்றி யாரும் வகுப்பெடுக்க வேண்டாம் என்று எங்களுக்கே ஒரு நினைப்பு உண்டு. தை பிறந்த அன்றைக்கு அவனியாபுரம், மறுநாள் பாலமேடு, அதற்கு மறுநாள் அலங்காநல்லூர் என்று வரிசையாக வாடிவாசல் திறக்கிற ஊர். காதுகுத்துக்கு வைக்கிற ஃபிளெக்ஸில்கூட ஒரு சிங்கம் உறுமிக்கொண்டு நிற்கும். பக்கத்தில் தாய்மாமன் கூலிங்கிளாஸ் போட்டு முறைத்துக்கொண்டிருப்பார். கேலி செய்வதற்காக இதைச் சொல்லவில்லை. என் கொழுந்தன் மாடு பிடிக்கிறவன். விலாவில் கொம்பு இறங்கி, பெரியாஸ்பத்திரியில் கிடந்து, தையல் பிரித்த தழும்பு காய்ந்ததும் அடுத்த தைக்கு மறுபடியும் போய் வரிசையில் நின்றவன். மாடு வாசலைத் தாண்டித் தலையைச் சிலுப்புகிற அந்த நொடியில் எதிரே நிற்பது லேசுப்பட்ட காரியமில்லை. கேலரியில் உட்கார்ந்து பார்க்கிற எனக்கே வயிற்றைப் புரட்டும்.

அதே கொழுந்தன் ஒரு மாசி மாதச் சாயங்காலம் ஊர் மந்தையில் குச்சியால் தரையைக் கீறிக்கொண்டு, தலை நிமிராமல் உட்கார்ந்திருந்ததையும் பார்த்தேன். அன்றைக்கு அந்தக் கூட்டத்தில் வாய் திறந்தது யார் என்றால், நாய் குரைத்தால் சைக்கிளை விட்டு இறங்கி உருட்டிக்கொண்டு போகிற ஒரு மனுஷர். வருடங்கள் ஓடிவிட்டன. இந்தக் கணக்கு மட்டும் எனக்கு இன்னும் நேர் ஆகவில்லை.

வரி நோட்டு

அது என் புகுந்த வீட்டு ஊர். மதுரையிலிருந்து டவுன் பஸ்ஸில் போய்விடலாம். பெயர் வேண்டாம், நாளைக்கு நான் அங்கே போய்ப் பொங்கல் வைக்க வேண்டும். பங்குனித் திருவிழாவுக்குச் சாமி சாட்டுவதற்கு முன்னால் மந்தையில் வரிக் கூட்டம் கூடும். தலைக்கட்டுக்கு இவ்வளவு என்று பேசி முடித்து, பெயரை வாசித்து வாசித்துப் பணம் வாங்கி நோட்டில் எழுதுவார்கள். கிராமத்துச் சங்காத்தம் உள்ளவர்களுக்கு இதன் அர்த்தம் தெரியும். நோட்டில் பெயர் இருந்தால் நீங்கள் ஊரில் இருக்கிறீர்கள். பெயர் விட்டுப்போனால் வீடு அங்கேயே இருக்கும், ரேஷன் கார்டு இருக்கும், ஓட்டு இருக்கும். நல்லது கெட்டதுக்கு மட்டும் ஒருத்தரும் வாசல் மிதிக்க மாட்டார்கள்.

அந்த வருடம் ஒரு வீட்டுப் பெயரைத் தாண்டிப் போனார்கள். அந்த வீட்டுப் பெண் திருப்பூரில் வேலை பார்த்த இடத்தில் வேறு சாதிப் பையனைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டிருந்தாள். அவளுடைய அப்பா ரொம்ப நாள் பேசாமல்தான் இருந்தார். பேரன் பிறந்ததும் மனசு கேட்காமல் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். அதுதான் குற்றம். கல்யாணத்தைக்கூட ஊர் விட்டிருக்கும். பிள்ளைக்கு அரைஞாண் கொடி போட்டுவிட்டு வந்ததை விடவில்லை. அவர் பணத்தோடு கூட்டத்துக்கு வந்திருந்தார். தன் பெயர் வர வேண்டிய இடத்தில் அடுத்த வீட்டுப் பெயர் வந்ததும் சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். யாரும் அவரைத் திட்டவில்லை, முறைக்கவில்லை. நோட்டுப் போடுகிறவர் விரலில் எச்சில் தொட்டுப் பக்கத்தைத் திருப்பினார், அவ்வளவுதான். இந்த வேலைக்கு அரிவாளோ அதட்டலோ தேவைப்படுவதே இல்லை.

பெண்கள் அந்தக் கூட்டத்தில் உட்கார முடியாது. நாங்கள் கொஞ்சப் பேர் தண்ணீர் பிடிக்கிற சாக்கில் அடிபம்புப் பக்கம் குடத்தோடு நின்றுகொண்டிருந்தோம். பெயர்கள் போய்க்கொண்டே இருந்து, கண்டக்டர் மாமாவின் முறை வந்தது. என் மாமனாரின் தம்பி. பஸ் கண்டக்டராக இருந்து ரிட்டையர் ஆனவர். இன்றைக்கும் கையில் ரூபாய் நோட்டு இருந்தால் நீளவாக்கில் மடித்து விரலிடுக்கில் சொருகித்தான் வைத்திருப்பார். அன்றும் அப்படித்தான் எழுந்து போனார். நோட்டு முன்னால் குனிந்தார். பணத்தை வைக்கவில்லை. “எம் பேரையும் எழுதாதப்பா” என்றார்.

சத்தமாகச் சொல்லவில்லை என்பதால், நோட்டுப் போடுகிறவர் “என்ன மாமா?” என்று நிமிர்ந்தார். அதனால் அவர் அதையே திரும்பவும் சொல்ல வேண்டியதாகிவிட்டது. “அவன் பேரு இல்லேல்ல. அப்ப எம் பேரும் வேணாம்.” பின்னாலிருந்து ஒரு குரல், “கண்டக்டர் விசில் ஊதிட்டாருப்பா, வண்டிய நிப்பாட்டுங்க” என்றது. மந்தை முழுக்கச் சிரிப்பு. அடிபம்புப் பக்கம்கூட ஒன்றிரண்டு பேர் முந்தானையால் வாயைப் பொத்தினார்கள். நான் மாமாவின் வேட்டியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். காற்று கொஞ்சம்கூட இல்லை. முழங்காலுக்குக் கீழே வேட்டி ஆடிக்கொண்டிருந்தது. அந்தச் சிரிப்போடு சிரிப்பாக அவர் பணத்தை வைத்துவிட்டு வந்து உட்கார்ந்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. பின்வாங்கினார் என்றுகூட யாரும் நினைத்திருக்க மாட்டார்கள். ஒரு வேடிக்கைப் பேச்சாக முடிந்திருக்கும். வெளியே வர அவருக்கு ஊரே ஒரு கதவைத் திறந்துவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும். அவரும் கொஞ்சம் சிரித்தார். சிரித்து முடித்துவிட்டு, “நான் வெளாட்டுக்குச் சொல்லலப்பா” என்றார்.

சிரிப்பு அப்போதுதான் நின்றது. பெரியவர் ஒருத்தர், “ஒனக்கும் அவனுக்கும் வரப்புத் தகராறு இருக்கேய்யா, நீ எதுக்கு அவனுக்காக வந்து நிக்கிற?” என்று கேட்டார். நியாயமான கேள்வி. இரண்டு குடும்பத்துக்கும் பல வருடமாக முகத்தில் முழிக்காத பகை. “வரப்பு வேற. அத நான் அவங்கிட்டப் பேசிக்கிறேன். பேரனப் பாத்ததுக்கு ஒரு மனுசன ஊர விட்டுத் தள்ளி வைக்கிறது எனக்குச் சரியாப் படல.” இவ்வளவுதான் பேசினார். சட்டம் பேசவில்லை, குறள் சொல்லவில்லை. பணத்தை மறுபடியும் விரலிடுக்கில் சொருகிக்கொண்டு வந்து, எழுந்த இடத்திலேயே உட்கார்ந்தார். எனக்கு அதுதான் பெரிய விஷயமாகப் பட்டது. கோபித்துக்கொண்டு வீட்டுக்குப் போவது எளிது. சுற்றி இருந்தவர்கள் ஒரு முழம் தள்ளி நகர்ந்து உட்கார்ந்த பிறகும், கூட்டம் கலைகிற வரைக்கும் அவர் அங்கேயே இருந்தார்.

ஏளனத்துக்குப் பலியானவன்

கோவலன் கதை என்றால் நாம் எல்லோரும் கண்ணகி அரண்மனையில் சிலம்பை உடைக்கிற இடத்துக்கு ஓடிவிடுவோம். அதற்கு முன்னால் ஒரு சின்னக் காட்சி இருக்கிறது. அன்றைய கூட்டத்துக்குப் பிறகு எனக்கு அடிக்கடி அதுதான் ஞாபகம் வருகிறது. பொற்கொல்லன் அரசனுடைய ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து கோவலனைக் காட்டுகிறான். வந்தவர்கள் பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுகிறார்கள், இவன் லட்சணத்தைப் பார்த்தால் கொல்லப்பட வேண்டிய ஆளாகத் தெரியவில்லையே என்று. சரியாகத்தான் கண்டுபிடித்துவிட்டார்கள். பொற்கொல்லன் விடவில்லை. ஏளனம் செய்கிறான். கள்ளர்கள் மந்திரம், மருந்து, நிமித்தம் என்று எதையெல்லாம் வைத்துத் திருடுவார்கள் தெரியுமா உங்களுக்கு என்று நீளமாக ஒரு பிரசங்கம் வைக்கிறான். கேட்டவர்களுக்குச் சந்தேகம் தீர்ந்ததோ இல்லையோ, வாய் அடைத்துப் போகிறது. கடைசியில் குடிவெறியில் இருந்த ஒருத்தன் வாளை வீசிவிடுகிறான்.

அத்தனை பேர் கையிலும் ஆயுதம் இருந்தது. சண்டை என்று வந்திருந்தால் யாருக்கும் பயந்திருக்க மாட்டார்கள். உண்மையையும் ஒரு தடவை சொல்லிப் பார்த்துவிட்டார்கள். விவரம் தெரியாதவன் என்ற பெயர் வந்துவிடுமோ என்றதும், இரண்டாவது தடவை சொல்ல ஆள் இல்லை. மதுரை எரிந்ததற்கு அரசன் தப்பு, பொற்கொல்லன் தப்பு என்று எத்தனையோ பட்டிமன்றம் நடந்துவிட்டது. இந்தக் காவலர்களை யாரும் கூண்டில் ஏற்றிப் பார்த்ததாகத் தெரியவில்லை.

மீனாட்சி கோயில் ஆலயப் பிரவேசத்தையும் இப்போது வேறு கண்ணோடுதான் பார்க்கிறேன். 1939 ஜூலை 8. வைத்தியநாத ஐயர், கக்கன் உள்ளிட்ட ஐந்து தாழ்த்தப்பட்டவர்களையும் நாடார் ஒருவரையும் அழைத்துக்கொண்டு உள்ளே போனார். இதுவரைக்கும் பள்ளிக்கூடத்துப் பாடம். அன்றைக்கு அவர்களுக்குப் பாதுகாப்பாக மதுரையில் ஒரு சட்டமும் கிடையாது. ராஜாஜி அரசு அவசரச் சட்டம் கொண்டுவந்ததே அதற்குப் பிறகுதான். போனவர்கள் மேல் வழக்கு பாயாமல் காப்பதும் அந்தச் சட்டத்தின் நோக்கம். ஐயர் வழக்கறிஞர். தன் காலடியில் சட்டம் இல்லை என்பது அவரைவிட நன்றாக வேறு யாருக்குத் தெரிந்திருக்கும்? எதிரே நின்ற சனாதனிகளும் எங்கோ தூரத்து எதிரிகள் இல்லை. அவருடைய சாதி, அவருடைய தொழில், அவர் நித்தம் முகம் பார்த்தாக வேண்டிய மனிதர்கள். ஏச்சும் ஒதுக்கலும் அங்கிருந்துதான் வந்தன. பட்டர்களில் ஒரு சாரார் பூஜைக்கு வர மறுத்தார்கள். கோயில் தீட்டாகிவிட்டது என்று தனியாக ஒரு மீனாட்சியை வைத்துக் கும்பிட்டவர்களும் உண்டு. இத்தனைக்கும் நடுவில் கோயிலின் நிர்வாக அதிகாரி ஆர்.எஸ்.நாயுடு பின்வாங்காமல் நின்றார். 1934இல் மதுரைக்கு வந்தும் எல்லோரையும் விடாத கோயிலுக்குள் போக மாட்டேன் என்று இருந்துவிட்ட காந்தி, 1946இல் உள்ளே போய்க் கும்பிட்டார். அதைத்தான் நாம் புகைப்படமாக ஞாபகம் வைத்திருக்கிறோம். ஒரு நிர்வாக அதிகாரி தன் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருந்ததை யார் புகைப்படம் எடுக்கப் போகிறார்கள்?

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். மாலை மரியாதை பெரும்பாலும் ஐயருக்குத்தான் போகிறது. கூட்டிப் போனவருக்கு ஒரு துணிச்சல் வேண்டும் என்றால், கூப்பிட்டதும் கூடப் போனவர்களுக்கு அதைவிடப் பெரிய துணிச்சல் வேண்டும். அன்றைக்கு ஏதாவது ஏறுக்குமாறாக நடந்திருந்தால் முதல் அடி யார் முதுகில் விழுந்திருக்கும்? தும்பைப்பட்டிக் கக்கன் பின்னாளில் மாநிலத்துக்கே உள்துறை அமைச்சர் ஆனார், அது வேறு கதை. கோபுர வாசலில் காலெடுத்து வைத்தபோது அவரிடம் பதவி இல்லை.

1997

நான் பிறந்து வளர்ந்தது வில்லாபுரத்தை ஒட்டி. அப்போது எங்கள் பக்கம் தண்ணீர் விலைக்குத்தான் வரும். லாரி சத்தம் கேட்டதும் பாடப் புத்தகத்தை அப்படியே போட்டுவிட்டுக் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவோம். 1996 மாநகராட்சித் தேர்தலில் மார்க்சிஸ்ட் கட்சியின் கவுன்சிலராக ஜெயித்த லீலாவதி நெசவாளி. வீட்டு வாசலுக்குக் குடிநீர்க் குழாய் வர வேண்டும் என்று விடாமல் அலைந்தார். குழாய் வந்தால் தண்ணீர் விற்கிறவர்களுக்கு வருமானம் போகும். 1997 ஏப்ரல் 23 அன்று பட்டப்பகலில் அவரை வெட்டிக் கொன்றார்கள். இரண்டு மாதம் கழித்து, ஜூன் 30, மேலவளவு. ஊராட்சித் தலைவர் முருகேசனோடு சேர்த்து ஆறு பேரை, பஸ்ஸை மறித்துக் கொன்றார்கள். தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்ட பதவிக்கு மனுப் போட்டு ஜெயித்து நாற்காலியில் உட்கார்ந்ததைத் தவிர அவர் வேறொன்றும் செய்யவில்லை.

இவர்களையும் கண்டக்டர் மாமாவையும் ஒரே மூச்சில் பேசலாமா என்று எனக்குள்ளேயே ஒரு கூச்சம் இருக்கிறது. மாமாவுக்கு அந்த வருடம் நஷ்டமானது கிடாய்ப் பங்கில் வர வேண்டிய கறி. உயிரையும் கறியையும் ஒரே தராசில் வைக்க முடியாது. ஆனாலும் லீலாவதியைப் போல, முருகேசனைப் போல இரு என்று யாரிடமும் சொல்ல எனக்கு வாய் வராது. சொல்ல நான் யார்? மாமாவைப் போல இரு என்று சொல்லலாம். அந்த அளவுக்குக்கூட நாம் இருப்பதில்லை என்பதால்தான் லீலாவதிகள் தனியாக மாட்டிக்கொள்கிறார்களோ என்று தோன்றுகிறது.

பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம் கதை இதற்கு உதாரணம். 1996இலிருந்து பத்து வருடம் அங்கே தலித் ஒருவரை ஊராட்சித் தலைவராக உட்கார வைக்க முடியவில்லை. ஒன்று மனுப் போட ஆள் இருக்காது. இல்லையென்றால் ஊர் நிறுத்திய ஆள் ஜெயித்து, பதவியேற்ற கையோடு ராஜினாமாவில் கையெழுத்துப் போடுவார். ‘பயந்தாங்கொள்ளிகள்’ என்று அப்போது டீக்கடையில் சிலர் சொல்லிக் கேட்டிருக்கிறேன். கூலி வேலையும் போகிற வழியும் யார் கையில் இருக்கிறதோ அவர்களை எதிர்த்து, மேலவளவு நடந்து முடிந்த மாவட்டத்தில், ஒரு தனி ஆள் என்ன செய்ய முடியும்? 2006இல் கலெக்டர் உதயச்சந்திரன் ஊர்க்காரர்களோடு உட்கார்ந்து பேசி, அரசாங்கம் பின்னால் நிற்கிறது என்று காட்டியபோது தேர்தல் நடந்தது. ஜெயித்தவர்கள் பதவியில் இருந்தார்கள். ஊரும் அதேதான், ஜனங்களும் அதே ஜனங்கள்தான்.

இரண்டாவது ஆள்

இதையெல்லாம் ஒரு நாள் கொழுந்தனிடம் கொட்டினேன். கோபப்படுவான் என்று நினைத்தேன். “மதினி, மாடு குத்துனா என்னையத் தூக்கிக்கிட்டு ஓட நூறு பேரு இருக்கான். அன்னைக்கு நான் எந்திரிச்சிருந்தா எவன் இருந்தான்? சித்தப்பாவுக்குப் பென்சன் வருது. எனக்கு நாத்து நட ஆளு வேணும், உழுகுறதுக்கு டிராக்டர் வேணும். மாடு குத்துனா ஆஸ்பத்திரிக்குப் போலாம். ஊரு பேசாட்டி எங்க போறது?” என்றான். முதலில் சாக்குச் சொல்கிறான் என்றுதான் பட்டது. யோசித்துப் பார்த்தால் பாதிக்கு மேல் சரி. அவன் இழக்கப் போவது மாமா இழந்ததைவிட அதிகம்.

ஆனால் மீதிப் பாதி இருக்கிறதே. வாடிவாசலில் ஒரு விதி உண்டு: மாட்டை ஒருத்தர்தான் பிடிக்க வேண்டும். இரண்டு பேர் சேர்ந்து விழுந்தால் பரிசு கிடையாது, மைக்கில் திட்டுதான் கிடைக்கும். தைரியம் என்றாலே தனி ஆள் சமாச்சாரம் என்று எங்கள் பிள்ளைகளுக்குச் சின்னதிலிருந்தே பதிந்துபோகிறது. மந்தையில் கணக்கு நேர்மாறாக இருக்கிறது. முதலில் எழுகிறவரை ஊர் கிறுக்கன் என்று சொல்லிச் சிரித்துச் சமாளித்துவிடும். இரண்டாவதாக ஒருத்தர் எழுந்துவிட்டால் அப்படிச் சொல்ல முடியாது. மூன்றாவது ஆளுக்குப் பயம் பாதியாகிவிடும். முதல் ஆளாக இருக்கக் கொழுந்தனுக்கு வழியில்லை என்பதை ஒத்துக்கொள்கிறேன். இரண்டாவது ஆளாக இருந்திருக்கலாம். இதை அவனிடமே சொன்னேன். “அதுக்குந்தான் மதினி ஆளு வேணும்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

அந்தத் திருவிழாவில் மாமா வீட்டுக்குப் பங்குக் கறி வரவில்லை, திருநீறு வரவில்லை. முளைப்பாரி ஓடு அவர்கள் வீட்டுக்குக் கொடுக்கவில்லை. மாமாவைவிட இது சின்ன அத்தையைத்தான் அதிகமாக அறுத்தது. “இவுக பாட்டுக்கு மந்தையில பேசிட்டு வந்துட்டாக. தெருவுல தண்ணிக்குப் போறது நானு” என்று அடுப்படியில் என்னிடம் அழுதார். மகளுக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்த நேரம் வேறு. ஒரு வீட்டில் ஒருத்தர் தைரியமாகப் பேசினால் அதற்கு வட்டி கட்டுவது பெரும்பாலும் பேசாத இன்னொருத்தர். தைரியசாலிகளைப் பற்றிய எந்த மேடைப் பேச்சிலும் இந்த அத்தைகள் வருவதில்லை.

மாமாவிடம் ஒரு தடவை கேட்டேன், கூட்டத்துக்குப் போகும்போதே முடிவு பண்ணிக்கொண்டு போனீர்களா என்று. “இல்லம்மா. பணத்த வைக்கத்தான் போனேன். அவன் சட்டப் பையத் தொட்டுப் பாத்தான் பாத்தியா? பஸ்ஸுல காசு கொண்டாரதுக்கு மறந்தவன் அப்படித்தான் தொடுவான். காச வச்சிக்கிட்டே ஒருத்தன் அப்படித் தொட்டு நான் பாத்ததில்ல.” கொஞ்ச நேரம் கழித்து, “பாக்காம இருந்திருந்தா வச்சிட்டு வந்திருப்பேன்” என்றார். அவர் தன்னைக் குறைத்துச் சொல்கிறார் என்று எனக்குத் தோன்றவில்லை. அன்றைக்கு மந்தையில் இருந்தவர்கள் எல்லோரும் நோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அடுத்த வருடக் கூட்டத்திலும் அந்த இரண்டு பெயரும் வாசிக்கப்படவில்லை. எல்லாம் முடிந்து, நோட்டை மூடப் போகிற நேரத்தில், நோட்டுப் போடுகிறவர் கடைசிப் பக்கத்தைத் திருப்பித் தானாகவே இரண்டு பெயரையும் எழுதினார். “பணத்த வீட்ல வந்து வாங்கிக்கிறேன்” என்று பொதுவாகச் சொன்னார். பெரியவர்கள் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. ஒருத்தர் மழையைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். தீர்மானமும் இல்லை, வருத்தம் தெரிவித்ததும் இல்லை. ஊர் ஒருநாளும் தப்பை ஒத்துக்கொள்ளாது. மறந்துபோன மாதிரி இருந்துவிடும். அந்த நோட்டுக்காரர் வருடம் முழுக்க அதை யோசித்துக்கொண்டிருந்தாரா, அந்த நிமிடத்தில் கை போனதா, அவருக்கே வெளிச்சம்.

காப்பு அவிழ்த்த மறுவாரம் மாமா தாலுகா ஆபீஸுக்குப் போய், வரப்பை அளக்க சர்வேயர் வேண்டும் என்று மனுக் கொடுத்துவிட்டு வந்தார். வரப்பு ஒன்றரை அடி உள்ளே வந்திருக்கிறதாம். ஊர்தான் சேர்த்துக்கொண்டுவிட்டதே, இனிமேல் தாராளமாகச் சண்டை போடலாமாம். அந்த மனுஷரோ, “ஒதுக்கி வச்சப்பக்கூட நிம்மதியா இருந்தேன்” என்று என் வீட்டுக்காரரிடம் புலம்பிவிட்டுப் போனார். சர்வேயர் வருகிற அன்றைக்குச் சங்கிலி பிடிக்க, தன் பக்கத்துக்கு ஆளாக நிற்கக் கொழுந்தனை இரண்டு தரப்புமே கூப்பிட்டிருக்கிறார்கள். அவன் இன்னும் யாருக்கும் பதில் சொல்லவில்லை.